66ஆம் எண் நெடுஞ்சாலை: யாருடைய பாதை?



அரசு ஆவணங்களிலிருந்து நீக்கப்பட்ட ஒரு நெடுஞ்சாலையைப் பற்றி இந்த நினைவுரையில் பேச விரும்புகிறேன். அமெரிக்காவின் 'ரூட் 66' அது. டி-ஷர்ட்டுகளிலும் உணவகச் சுவர்களிலும் அதன் சின்னத்தை நீங்கள் பார்த்திருக்கலாம். கட்டற்ற பயணத்தின் அடையாளமாக அதை விற்கிறார்கள். அந்தச் சுதந்திரம் யாருக்கு இருந்தது என்பதே நம் கேள்வி.

1926 நவம்பர் 11 அன்று அந்தச் சாலைக்கு எண் கிடைத்தது. சிகாகோவில் தொடங்கி இல்லினாய், மிசூரி, கான்சஸ், ஓக்லஹோமா, டெக்சஸ், நியூ மெக்சிகோ, அரிசோனா, கலிபோர்னியா என 8 மாநிலங்களைக் கடந்து லாஸ் ஏஞ்சலஸை அடைந்தது; பின்னர் சான்டா மோனிகா வரை நீண்டது. ஏறத்தாழ 3,900 கிலோமீட்டர். பெரும்பாலும் இது புதிதாகப் போட்ட சாலை அல்ல. ஏற்கெனவே இருந்த உள்ளூர்ச் சாலைகளை இணைத்து ஒரே எண் கொடுத்தார்கள். ஆகவே அது சிற்றூர்களின் கடைத்தெருக்களுக்குள் புகுந்து சென்றது. பெட்ரோல் பங்குகளும் விடுதிகளும் சாப்பாட்டுக் கடைகளும் அதை நம்பிப் பிழைத்தன.

1930களில் வறட்சியும் புழுதிப் புயலும் கடனும் நிலத்திலிருந்து விரட்டிய ஏழை உழவர்கள் இந்த வழியாகவே கலிபோர்னியாவுக்குப் போனார்கள். அவர்களின் துயரத்தை ஜான் ஸ்டைன்பெக்கின் 1939ஆம் ஆண்டு நாவல் உலகறியச் செய்தது. ஆனால் அதே சாலையில் பயணம் செய்த கறுப்பின மக்களின் கதை நெடுங்காலம் சொல்லப்படவில்லை.

சாலை அரசுடையது. அதில் கார் ஓட்டக் கறுப்பருக்குத் தடையில்லை. ஆனால் சாலையோரம் முழுவதும் தனியாருடையது. பசித்தால் எங்கே சாப்பிடுவது, இரவில் எங்கே படுப்பது, குழந்தையை எந்தக் கழிப்பறைக்கு அழைத்துப் போவது? பொழுது சாய்வதற்குள் கறுப்பர்கள் ஊரை விட்டு வெளியேறிவிட வேண்டும் என்ற கட்டுப்பாடு கொண்ட ஊர்கள் வழியெங்கும் இருந்தன. 'சன்டவுன் டவுன்' என்று அவற்றைச் சொல்வார்கள். இந்தச் சாலை கடந்துசென்ற 89 கவுண்டிகளில் 44 அப்படிப்பட்டவை என்று ஆய்வாளர் கேண்டசி டெய்லர் கணக்கிட்டிருக்கிறார். இது தெற்கின் பருத்திக் காடுகளில் மட்டும் இருந்த கொடுமை அல்ல என்பதைக் கவனியுங்கள்.

இதற்கு மாற்றாக எழுந்ததுதான் 'கிரீன் புக்'. நியூயார்க்கின் ஹார்லெமில் வசித்த தபால்காரர் விக்டர் ஹியூகோ கிரீன், கறுப்பர்களை ஏற்றுக்கொள்ளும் விடுதிகள், உணவகங்கள், பெட்ரோல் பங்குகளின் முகவரிகளைத் திரட்டி 1936 முதல் வெளியிட்டார். தனக்கு இடம் தந்தவர் யார் என்ற அனுபவத்தைச் சக மனிதருக்குக் கடத்திய மக்கள் ஆவணம் அது. மிசூரியின் ஸ்பிரிங்ஃபீல்டில் 1906இல் மூன்று கறுப்பின ஆண்களை வெள்ளையர் கும்பல் தூக்கிலிட்டுக் கொன்றது. அதே நகரில் பின்னாளில் ஆல்பெர்டா எல்லிஸ் என்ற கறுப்பினப் பெண் விடுதி நடத்தி, பயணிகளுக்கு இடம் கொடுத்தார். ஓக்லஹோமாவின் லூதர் அருகே த்ரெட் குடும்பம் தம் நிலத்துக் கல்லைக் கொண்டே ஒரு பெட்ரோல் பங்க் கட்டியது. அந்தக் கட்டடம் இன்றும் நிற்கிறது.

இந்தச் சாலையின் புகழ்பெற்ற பாடலை 1946இல் பதிவுசெய்தவர் நாட் கிங் கோல் என்ற கறுப்பினக் கலைஞர். 1948இல் லாஸ் ஏஞ்சலஸின் வசதியான பகுதியொன்றில் அவர் வீடு வாங்கியபோது அங்கிருந்த வெள்ளையர்கள் திரண்டு எதிர்த்தார்கள். அவர் குரல் வேண்டும். அவர் பக்கத்து வீட்டில் வேண்டாம்.

டல்சா நகரின் கதை இன்னும் கொடியது. இந்தச் சாலையை உருவாக்க முன்னின்ற சைரஸ் ஏவரி அந்த நகரத்தவர். சாலைக்கு எண் கிடைப்பதற்கு ஐந்தாண்டுகள் முன்பு, 1921 மே 31, ஜூன் 1 நாள்களில், டல்சாவின் கிரீன்வுட் என்ற கறுப்பினப் பகுதியை வெள்ளையர் கும்பல் கொளுத்தியது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகள் எரிந்தன. மக்கள் தம் உழைப்பால் அதை மீண்டும் கட்டினார்கள். 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நாடெங்கும் விரைவுச் சாலைகள் போடப்பட்டபோது, 244ஆம் எண் விரைவுச் சாலையை அந்தக் கிரீன்வுட்டின் நடுவே கொண்டுபோனார்கள். தீயிலிருந்து மீண்ட கடைகளும் வீடுகளும் அரசுத் திட்டத்தால் போயின.

அதே விரைவுச் சாலைகள்தான் 66ஐயும் முடித்துவைத்தன. 1984 அக்டோபரில் அரிசோனாவின் வில்லியம்ஸ் என்ற கடைசி ஊரும் ஒதுக்கப்பட்டது. 1985 ஜூனில் அந்த எண்ணே நீக்கப்பட்டது. சில பகுதிகள் மாநிலச் சாலைகளாகின, சில கைவிடப்பட்டன. பின்னர் அது சுற்றுலாவாகத் திரும்பி வந்தது. எண்ணை இழந்த சாலைக்கு நினைவுச் சின்னங்கள் வந்த வேகத்தில், அந்தச் சாலையில் இடம் மறுக்கப்பட்டவர்களின் வரலாறு வரவில்லை.

இந்தக் கதை நமக்குப் புதிதல்ல. 1901இல் சிறுவன் அம்பேத்கர், அண்ணனோடும் அக்காள் மகன்களோடும் மசூர் ரயில் நிலையத்தில் இறங்கித் தந்தையைக் காணக் கோரேகான் புறப்பட்டார். சாதி தெரிந்ததும் வண்டிக்காரர்கள் மறுத்தார்கள். இரட்டிப்புக் கூலிக்கு ஒருவர் இசைந்தார். ஆனால் வண்டியைப் பிள்ளைகளே ஓட்டவேண்டும், அவர் கூடவே நடந்து வருவார் என்பது நிபந்தனை. கூடையில் சோறு இருந்தது. குடிக்கத் தண்ணீர் கிடைக்கவில்லை. இரவில் ஒரு சுங்கச்சாவடியிலும் தண்ணீர் மறுக்கப்பட்டது. காசும் இருந்தது, பாதையும் இருந்தது. பயணம் மட்டும் அவர்களுடையதாக இல்லை. அதே அம்பேத்கர் 1946இல் கறுப்பினச் சிந்தனையாளர் டுபாய்சுக்குக் கடிதம் எழுதினார். இரு மக்களின் நிலையையும் ஒப்பிட்டு நோக்கியவர் அவர்.

1964ஆம் ஆண்டுக் குடிமை உரிமைகள் சட்டம் விடுதிகளிலும் உணவகங்களிலும் நிறவெறியைத் தடைசெய்தது. போராட்டம் பெற்றுத்தந்த சட்டம் அது. அதன்பின் சில ஆண்டுகளில் கிரீன் புக் நின்றது. அது தேவைப்படாத நாளே கிரீனின் கனவு. அந்த நாளைக் காண அவர் உயிரோடு இல்லை.

மாணவ நண்பர்களே, உங்கள் மாவட்டத்துச் சாலைகளுக்கும் இப்படியொரு வரலாறு உண்டு. எந்தத் தெருவில் செருப்பைக் கழற்றினார்கள், எங்கே சைக்கிளை விட்டு இறங்கினார்கள், எந்தக் கடையில் தனிக்குவளை இருந்தது, யார் துணிந்து முதலில் மறுத்தார்கள் என்று உங்கள் தாத்தா பாட்டிகளுக்குத் தெரியும். சாலை போட்ட ஆண்டும் செலவும் அரசிடம் இருக்கும். இது இருக்காது. அவர்கள் இருக்கும்போதே கேட்டு, தேதியோடும் இடத்தோடும் எழுதிவையுங்கள். ஒரு தபால்காரரால் முடிந்தது நம்மாலும் முடியும்.