எண்ணுவதா, எடைபோடுவதா?

நாபோத்தின் திராட்சைத் தோட்டத்தைப் பற்றிய பகுதியைப் (1 அரசர் 21) பேராசைக்கு எடுத்துக்காட்டாகவே நாம் பெரும்பாலும் வாசிக்கிறோம். அது சாட்சியத்தைப் பற்றிய பகுதியும் ஆகும். அரசி ஈசபேல் பொய்ச் சாட்சி சொல்ல ஒருவரை அல்ல, இருவரை ஏற்பாடு செய்தாள். இரண்டு அல்லது மூன்று சாட்சிகள் வேண்டும் என்பது சட்டம் (இணைச்சட்டம் 19:15). சட்டத்தின் எண்ணிக்கை நிறைவேறிற்று; நாபோத்து கல்லெறிந்து கொல்லப்பட்டார்; நிலம் ஆகாபின் கைக்குச் சென்றது.

ஸ்டீபன் வரைந்த 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டம் இந்த எண்ணிக்கையைக் கைவிட்டது. எந்த உண்மையை மெய்ப்பிக்கவும் இத்தனை சாட்சிகள் தேவை என்பதில்லை என்றது அதன் 134-ஆம் பிரிவு. 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள புதிய சட்டத்திலும் இவ்விதி 139-ஆம் பிரிவாகத் தொடர்கிறது. நிலத்தகராறுகளில் இதன் அருமை விளங்கும். விடியற்காலையில் வரப்பில் அரிவாள் ஓங்கப்படும்போது அயலார் அங்கே இருப்பதில்லை. இருந்தாலும் பங்காளிச் சண்டையில் சாட்சிக்கூண்டு ஏற யார் முன்வருவர்? எஞ்சுவோர் வெட்டுப்பட்டவரும் அவருடைய மனைவி மக்களுமே.

அவர்களை நம்பலாமா? பஞ்சாபைச் சேர்ந்த தலிப் சிங் வழக்கில் (1953) உச்ச நீதிமன்றம் இதற்கு விடை தந்தது. ஏழு ஆண்களின் கதி உறவினரான இரு பெண்களின் வாக்கில் தொங்கிற்று. பெண்கள் என்பதாலோ உறவினர் என்பதாலோ வேறு ஆதாரம் கேட்க விதியேதுமில்லை என்றார் நீதியரசர் விவியன் போஸ். நெருங்கிய உறவினர் உண்மைக் குற்றவாளியைத் தப்பவிட்டு, நிரபராதியை மாட்டிவிட எளிதில் முனையமாட்டார் என்பது அவர் கருத்து. ஆயினும் அவர் ஒன்றைச் சேர்த்துச் சொன்னார்: பகை முற்றியிருக்கும்போது, குற்றவாளியோடு கூட நிரபராதியையும் சேர்த்து இழுத்துவிடும் இயல்பு உண்டு. நம் ஊர்ப் புகார்களைப் படித்தவர்களுக்கு இது புதிதன்று. அடித்தவன் ஒருவனாக இருப்பான். பெயர்ப் பட்டியலில் அவன் அண்ணன், தம்பி, மைத்துனன், கல்லூரிக்குப் போகும் பிள்ளை வரை இருப்பார்கள்.

இதனால்தான் எண்ணிக்கை வேறு வாசல் வழியே திரும்பி வந்தது. உத்தரப் பிரதேசக் கிராமமொன்றின் கோஷ்டிப் பகையிலிருந்து எழுந்த மசால்டி வழக்கில் (1964), குறைந்தது நான்கு சாட்சிகள் ஒருமித்துச் சுட்டியவர்களையே உயர் நீதிமன்றம் குற்றவாளிகளாகக் கொண்டது. தரமே முக்கியம், தொகையன்று என்பதை ஒப்புக்கொண்ட உச்ச நீதிமன்றம், பெருங்கூட்டம் தாக்கிய வழக்கில் இரண்டு, மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட சாட்சிகளை எதிர்பார்ப்பது தவறில்லை என்றது. இதனை முரண்பாடு என்று நான் கருதவில்லை. தனியே அடிபட்டவரின் ஒற்றைக் குரலை 1872-ஆம் ஆண்டின் விதி காக்கிறது. கூட்டத்தோடு கூட்டமாகப் பெயர் எழுதப்பட்ட அப்பாவியை இந்த எண்ணிக்கை காக்கிறது.

நிலமும் சாட்சி சொல்கிறது. பூரண் சிங் வழக்கில் (1975) தற்காப்பு உரிமை யாருக்கு உண்டு என்பதை ஆராய்ந்தபோது, நிலம் யார் கையில் நிலைபெற்றிருந்தது, பயிரிட்டவர் யார் என்ற கேள்விகள் எழுந்தன. பட்டாவைக் காட்டிலும் பயிர் அங்கே பேசிற்று. அடுத்த ஆண்டு, பீகாரின் லட்சுமி சிங் வழக்கில், எதிரியின் உடலிலிருந்த காயங்களுக்கு அரசுத் தரப்பு விளக்கம் தராவிடில், சண்டையின் தொடக்கத்தை அது மறைத்திருக்கலாம் என்று கருத இடமுண்டு எனக் கூறப்பட்டது. சிறு கீறல்களுக்கு இது பொருந்தாது.

இவை யாவும் மேல்முறையீட்டில் காகிதத்திலிருந்தே எடைபோடப்படுகின்றன. சாட்சியின் தயக்கத்தையும் முகத்தையும் கண்டவர் விசாரணை நீதிபதி ஒருவரே. ஆகவேதான் 1934-இல் ஷியோ ஸ்வரூப் வழக்கில் இலண்டன் பிரிவி கவுன்சில், விடுதலைத் தீர்ப்புக்கு எதிரான மேல்முறையீட்டில் சாட்சியங்கள் அனைத்தையும் மீண்டும் ஆராய உயர் நீதிமன்றத்திற்கு முழு அதிகாரம் உண்டென்று சொல்லிவிட்டு, சாட்சிகளை நேரில் கண்டவரின் முடிவை மாற்றுவதில் அது நிதானம் காட்ட வேண்டும் என்றும் சேர்த்துச் சொல்லிற்று.