வெள்ளைத் துணிக்கடியில் வெயில்

கீழ்ப்பாக்கம் மில்லர்ஸ் ரோட்டில் நடக்கும்போதெல்லாம் எனக்கு ஆர். நடராஜ முதலியார் நினைவுதான். மோட்டார் உதிரி பாகம் விற்றவர். புனேவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற வெள்ளைக்காரரிடம் கேமராவைக் கற்றுக்கொண்டு வந்து, 1910-களின் பிற்பாதியில் இங்கே ஸ்டுடியோ போட்டார். மின்விளக்கு கிடையாது. மேலே வெள்ளைத் துணியைக் கட்டி, அதில் வடிகட்டி இறங்கிய வெயிலில்தான் 'கீசக வதம்' எடுத்தார். தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படம். முதலாளியும் அவரே, கேமராவின் கைப்பிடியைச் சுற்றியவரும் அவரே. சென்னைச் சூட்டில் பிலிம் கழுவ முடியாதென்று பெங்களூரில் லேப் வைத்தார். செலவு சுமார் 35,000 ரூபாய். அந்தக் காலத்தில் எவ்வளவு பெரிய துணிச்சல்! பிறகு ஸ்டுடியோ தீக்கிரையானது, மகனையும் பறிகொடுத்தார். சினிமாவையே விட்டுவிட்டார். படத்தில் ஒரு சுருள்கூட மிஞ்சவில்லை. துணிக்கடியில் நின்ற திரௌபதியின் முகத்தில் அந்த வெயில் எப்படி விழுந்திருக்கும் என்று பார்க்க எனக்குக் கொடுத்துவைக்கவில்லை.