தெய்வத் தச்சன்

கச்சியப்ப சிவாசாரியாரின் கந்தபுராணத்தில் சூரபன்மனுக்கு நகரங்கள் அமைத்துக் கொடுத்த தேவலோகத்துக் கம்மியர். விசுவகருமா, தேவதச்சன் என்றும் அழைக்கப்படுவார். திருத்தணி முருகனின் கதைக்கு முன்கதை இவர் கைவேலையில் தொடங்குகிறது. ஆனால் மலையேறும் அடியார்களில் இவரை நினைப்பவர்கள் மிகக் குறைவு.

தவத்தால் 1008 அண்டங்களை 108 யுகம் ஆளும் வரம் பெற்ற சூரபன்மன், திசைகளை வென்று முடித்ததும் தச்சரை வரவழைத்தான். தென்கடலில் வீரமகேந்திரபுரி எழுந்தது. தம்பி சிங்கமுகனுக்கு ஆசுரபுரி, தாரகனுக்கு மாயாபுரி. வீரமகேந்திரபுரிக்கு வடக்கே இலங்கை காவல் நகராக நின்றது. வென்றவன் கேட்டதைத் தோற்றவர்களின் தச்சர் செய்து கொடுத்தார். மறுக்கும் நிலையில் அன்று தேவர்கள் எவரும் இல்லை.

நகரத்தோடு உறவும் சேர்ந்தது. தச்சரின் மகள் பதுமகோமளையைச் சூரபன்மன் மணந்தான். அவர்களுக்குப் பிறந்தவன் பானுகோபன். தொட்டிலில் கிடந்தபோது தன்மேல் வெயில் பட்டதென்று சினந்து, சூரியனைப் பிடித்துத் தொட்டில் காலில் கட்டியவன் அவன்.

இங்கே வேறொரு புராணத்தையும் சேர்த்துப் படிக்க வேண்டும். விஷ்ணு புராணத்தில் இதே தச்சரின் மகள் சஞ்ஞை சூரியனின் மனைவி. கணவனின் வெம்மையை அவளால் தாங்க முடியவில்லை. தந்தை சூரியனைக் கடைசல் பொறியில் ஏற்றி ஒளியில் எட்டில் ஒரு பங்கைச் சீவி எடுத்தார். அந்தச் சீவலிலிருந்து திருமாலின் சக்கரம், சிவனின் சூலம், முருகனின் வேல் ஆகியவற்றைச் செய்தார். கந்தபுராணமோ வேலைச் சிவபெருமான் அளித்ததாகச் சொல்கிறது. இரண்டு மரபுகளையும் அருகருகே வைத்தால், பேரன் கட்டிப்போட்ட சூரியன் பாட்டனுக்கு மருமகன். மருமகன் சூரபன்மனைப் பிளந்த வேல் மாமனார் வடித்தது. தமிழில் சொல்லப்பட்ட கைவினைஞர் கதைகளில் இதைவிடத் துயரமானதை நான் அறியேன்.

சூரபன்மனோடு நடந்த போர் முடிந்ததும் முருகன் ஆணையால் வீரமகேந்திரபுரியைக் கடல் கொண்டது. தச்சரின் பெரும்படைப்பு அத்தோடு போயிற்று. திருச்செந்தூரில் கோயில் அமைத்தவரும் தேவர்களின் தச்சரே என்பது மரபு. அவரை மயன் என்பாரும் உண்டு.

சூரனோடும் பின்னர் வேடரோடும் பொருத சினம் தணிந்து முருகன் அமர்ந்த மலை தணிகை, அதாவது திருத்தணி. அதனால்தான் கந்தசஷ்டியில் மற்ற முருகன் தலங்களில் நடக்கும் சூரசம்காரம் திருத்தணியில் நடப்பதில்லை. மலர் வழிபாடு மட்டுமே. மலைக்கு 365 படிகள். சன்னதிக்கு முன்னுள்ள ஐராவதம், தன் மகள் தெய்வயானையின் சீராக இந்திரன் தந்த யானை என்பர். அது சுவாமியைப் பார்க்காமல் கிழக்கு நோக்கி நிற்கிறது. 

தணிகைப் புராணம் பாடிய கச்சியப்ப முனிவர் வேறு, கந்தபுராணம் பாடிய காஞ்சி கச்சியப்ப சிவாசாரியார் வேறு. தச்சரைத் தேடுவோர் பின்னவர் நூலின் அசுர காண்டத்தைத் திறந்து, நகர்செய் படலத்திலிருந்து படிக்கலாம்.