வெள்ளானூர் வட்டாரத்தில் கருவியின்றித் திசையறிதல்

கருவியின்றித் திசையறிதல் என்பது கைப்பேசியையும் ஜிபிஎஸ்ஸையும் நாடாமல் வெயில், நிழல், விண்மீன், காற்று ஆகியவற்றைக் கொண்டு வெட்டவெளியில் திசை காணும் முறை. இதன் விதிகள் இடத்துக்கு இடம் மாறும். ஆவடிக்கு வடக்கே உள்ள வெள்ளானூர் ஏறத்தாழ 13 பாகை வட அட்சரேகையில் இருக்கிறது. ஆகவே ஐரோப்பிய, அமெரிக்கக் கையேடுகளின் விதிகள் சில இங்கே பொருந்தா.

சூரியன்

மார்ச் 20, செப்டம்பர் 23 ஆகிய நாள்களை ஒட்டியே சூரியன் நேர்கிழக்கில் உதிக்கும். ஜூன் இறுதியில் 24 பாகை வடக்காகவும், டிசம்பர் இறுதியில் அதே அளவு தெற்காகவும் விலகி எழும். ஏப்ரல் 25, ஆகஸ்ட் 18 அளவில் நண்பகலில் அது உச்சந்தலைக்கு மேலே நிற்கும். இவ்விரு நாள்களுக்கும் இடைப்பட்ட காலத்தில் நண்பகல் சூரியன் வடக்கில் இருப்பதால் நிழல் தெற்கே விழும். கைக்கடிகாரத்தின் மணிமுள்ளைச் சூரியனுக்கு நேராகப் பிடித்துத் தெற்கைக் காணும் முறை அப்போது தவறான விடையே தரும்.

நிழற்கோல்

இங்கு ஆண்டு முழுவதும் நம்பத்தக்கது நிழற்கோல். சமதரையில் செங்குத்தாகக் கோல் நட்டு, அதைச் சுற்றி வட்டம் வரைய வேண்டும். காலையில் நிழலின் நுனி வட்டத்தைத் தொடும் புள்ளி மேற்கு. மாலையில் தொடும் புள்ளி கிழக்கு. இம்முறையை மயமதம் என்னும் சிற்பநூல் விளக்குகிறது. அரண்மனைக்கு மனை வகுக்கையில் நண்பகலில் கோல்கொண்டு நிழல் பார்த்து, கயிறிட்டுத் திசை குறித்த செய்தி நக்கீரரின் நெடுநல்வாடையில் உள்ளது.

நிழல் மிகக் குறுகும் நேரம் கடிகாரத்தின் 12 மணி அன்று. இந்திய நேரம் 82.5 பாகைத் தீர்க்கரேகையைக் கொண்டு கணிக்கப்படுவதால், வெள்ளானூரில் உண்மை நண்பகல் சராசரியாக 12.10க்கு வரும். பிப்ரவரியில் 12.24 வரை தள்ளும். நவம்பர் தொடக்கத்தில் 11.53க்கே வந்துவிடும்.

விண்மீன்கள்

துருவ நட்சத்திரம் வடக்கே தொடுவானிலிருந்து 13 பாகை உயரத்தில் மட்டுமே தெரியும்; மரமோ கட்டடமோ எளிதில் மறைத்துவிடும். மே மாத நடுவில் இரவு 9 மணியளவில் தென்சிலுவை நேர்தெற்கில் நிமிர்ந்து நிற்கும். ஓரியன் மண்டலத்தின் நடுவே வரிசையாக உள்ள 3 விண்மீன்கள் ஏறக்குறைய நேர்கிழக்கில் எழுந்து நேர்மேற்கில் மறையும்.

காற்றும் அடையாளங்களும்

கோடைப் பிற்பகலில் கடற்காற்று கிழக்கிலிருந்து வரும். புழல் ஏரி ஊருக்குக் கிழக்கிலும், சோழவரம் ஏரி வடகிழக்கிலும், செம்பரம்பாக்கம் ஏரி தெற்கிலும் உள்ளன.

வரம்புகள்

வடகிழக்குப் பருவமழையில் வானம் நாள்கணக்கில் மூடியிருக்கும்போது சூரியனும் விண்மீனும் உதவா. அப்போது மின்கலம் தேவைப்படாத காந்த ஊசி போதும். சென்னை வட்டாரத்தில் காந்த வடக்குக்கும் உண்மை வடக்குக்கும் உள்ள வேறுபாடு 2 பாகைக்கும் குறைவு. நடந்து செல்பவர் திருத்தம் எதுவும் செய்ய வேண்டியதில்லை.