ஜன்னல் வெளிச்சமே போதும்: பாலுமகேந்திராவின் ஒளிப்பதிவு ஏன் இன்றைக்கும் பாடம்?

மதுரை கோரிப்பாளையம் சிக்னல் பக்கம் இருக்கும் அமெரிக்கன் கல்லூரியில் படித்தவர் இயக்குநர் பாலா. சென்னைக்குப் போய் அவர் சினிமா கற்றுக்கொண்டது பாலுமகேந்திராவிடம். பாலாவிடம் வேலை பார்த்தவர் மதுரைக்காரரான அமீர். இந்த இருவரிடமும் வேலை பார்த்தவர் சசிகுமார். ‘பருத்திவீரன்’, ‘சுப்ரமணியபுரம்’ எல்லாம் வந்த வழி இதுதான். ‘ஆடுகளம்’ எடுத்த வெற்றிமாறனும் பாலுமகேந்திராவின் உதவியாளர்தான். இத்தனை பேருக்கும் வாத்தியாராக இருந்தவர் அடிப்படையில் ஒரு ஒளிப்பதிவாளர். அவர் அப்படி என்ன செய்தார்?

யார் இவர்?

1939-ல் இலங்கை மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தார். முதல் படம் ராமு காரியாட்டின் மலையாளப் படமான ‘நெல்லு’ (1974). தமிழில் மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’ (1978). தெலுங்கு ‘சங்கராபரணம்’, மணிரத்னத்தின் முதல் படமான கன்னட ‘பல்லவி அனுபல்லவி’ ஆகியவையும் இவர் கேமராவில் வந்தவை. தானே இயக்கிய ‘கோகிலா’ (1977), ‘மூன்றாம் பிறை’ (1982) படங்களுக்காக ஒளிப்பதிவுக்கான தேசிய விருது வாங்கினார்.

அவர் பாணி என்ன?

இடத்தில் இயல்பாக இருக்கும் வெளிச்சத்தை முடிந்தவரை பயன்படுத்துவது. லைட்டே போடக் கூடாது என்பதில்லை. போட்டது தெரியக் கூடாது. பகல் காட்சி என்றால் ஜன்னல் எந்தப் பக்கம், வெயில் எத்தனை மணிக்கு உள்ளே வரும், நடிகரை எங்கே உட்கார வைப்பது என்பதெல்லாம் முதலில் முடிவாக வேண்டும். நிழல் விழும் பக்கம் ரொம்ப இருட்டானால், வெள்ளைப் பரப்பில் வெளிச்சத்தைத் தட்டித் திருப்பலாம். சத்யஜித் ரேவின் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா 1950-களிலேயே இந்த உத்தியைக் கையாண்டிருக்கிறார்.

இதில் என்ன சிக்கல்?

அது ஃபிலிம் காலம். எடுத்ததை உடனே மானிட்டரில் பார்க்க முடியாது. லைட் மீட்டர் காட்டும் அளவையும் தன் கண்ணையும் நம்பித்தான் எக்ஸ்போஷர் வைக்கணும். கணக்கு தப்பினால் லேப்பில் கழுவிய பிறகுதான் தெரியும். அதற்குள் ஒரு நாள் படப்பிடிப்பே வீணாகியிருக்கும். மேகம் மூடினால் மொத்த யூனிட்டும் காத்திருக்க வேண்டியதுதான்.

பலன் என்ன?

‘வீடு’ (1988) ஒரு நல்ல உதாரணம். சொந்த வீடு கட்டப் போராடும் நடுத்தரக் குடும்பத்தின் கதை. பளபளப்பான லைட்டிங் இருந்திருந்தால் அந்தக் கஷ்டம் நம்பும்படி இருந்திருக்காது. நம்ம தெரு வெயில் மாதிரியே இருந்ததால்தான் அது நம்ம வீட்டுக் கதையாகத் தெரிந்தது.

கடைசிப் படம்

‘தலைமுறைகள்’ (2013) படத்தை இயக்கி, தாத்தா வேடத்தில் தானே நடித்தார். 2014 பிப்ரவரி 13-ல் காலமானார். இரண்டு மாதம் கழித்து, தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருது அந்தப் படத்துக்கு அறிவிக்கப்பட்டது. படத்தைத் தயாரித்தவர், அவருடைய சிஷ்யப் பரம்பரையில் வந்த மதுரைக்காரர் சசிகுமார்.