உலர்த்தலும் நீர்நீக்கமும்

கொச்சி நகரின் பகுதியாகிய மட்டாஞ்சேரியில், யூதத் தெருவையும் அதனைச் சூழ்ந்த பண்டகசாலைகளையும் கடந்து செல்வோரைச் சுக்கும் மிளகும் ஏலமும் மஞ்சளும் கலந்த மணம் இன்றும் எதிர்கொள்கிறது. இப்பண்டங்களின் நிறமும் சுவையும் பயனும் வேறுவேறானவை. எனினும் ஒரு பண்பு இவற்றிற்கெல்லாம் பொதுவானது. யாவும் தம்முள் இருந்த நீரை இழந்தவை. நீரோடு இருந்தவரை அவை மலைச்சரிவில் விளைந்த பச்சைப் பொருள்கள். சில நாட்களில் அழுகிப் போகக் கூடியவை. நீரை இழந்த பின்னரே அவை கடல் கடந்தன.

நீரை அகற்றுதல் என்னும் இச்செயலை ஆங்கிலம் 'டிஹைட்ரேஷன்' என்னும் ஒரே சொல்லால் குறிக்கிறது. வேதியியலார் ஒரு பொருளிலும், உணவுத் தொழிலார் மற்றொரு பொருளிலும், மருத்துவர் மூன்றாவதொரு பொருளிலும் அதனை வழங்குகின்றனர். தமிழில் இவ்விடத்தில் என்ன சொல்ல வேண்டும் என்பது மொழிபெயர்ப்புப் பணியில் உள்ள நம்போன்றோர் அடிக்கடி எதிர்கொள்ளும் வினா. இதற்கு விடை தேடப் புகுவோர்க்கு மட்டாஞ்சேரியின் வரலாறே நல்ல துணையாக அமைகிறது.

1341ஆம் ஆண்டில் பெரியாற்றில் ஏற்பட்ட பெருவெள்ளத்தால் பழைய முசிறித் துறை தூர்ந்து, கொச்சியின் கடல்வாய் திறந்தது என்பது வரலாற்று மரபு. 1500ஆம் ஆண்டின் இறுதியில் போர்த்துக்கேயத் தலைவன் கப்ரால் கொச்சியை அடைந்து மிளகு ஏற்றினான். 1663இல் ஒல்லாந்தர் கொச்சியைக் கைப்பற்றினர். 1795இல் ஆங்கிலேயர் அதனைத் தமதாக்கிக் கொண்டனர். ஆட்சிகள் மாறியபோதும் வாணிகத்தில் மாறாத வழக்கு ஒன்று இருந்தது. அது எடைக்குள் மறைந்திருக்கும் நீரைப் பற்றியது.

பச்சை மிளகு ஏறத்தாழ மூன்று கிலோ உலர்ந்தால்தான் கரிய மிளகு ஒரு கிலோ கிடைக்கும். ஆதலின் அரைகுறையாய்க் காய்ந்த மிளகை வாங்குவோன் நீருக்கும் மிளகின் விலையைக் கொடுத்தவனாகிறான். போர்த்துக்கேயர் மிளகின் கொள்முதல் விலையை உடன்படிக்கையால் கட்டி நிறுத்தினர். விலை உயர வழியில்லாத இடத்தில் எடை உயர்வது இயல்பன்றோ! ஈர மிளகு வந்து சேர்கிறது, லிஸ்பனை அடைவதற்குள் எடை குறைந்துவிடுகிறது என்னும் முறைப்பாடு அவர்களுடைய ஆவணங்களில் இடம்பெற்றது. எடைக் குறைவோடு கேடு முடிவதில்லை. மாதக்கணக்கில் கப்பலின் அடித்தளத்தில் அடைபட்டுக் கிடக்கும் ஈர மிளகு புழுங்கிப் பூசணம் பிடித்துவிடும். 1957இல் மட்டாஞ்சேரியில் மிளகு வாணிகச் சங்கம் நிறுவப்பட்டு, குரலெழுப்பி விலை பேசும் முறை நெடுங்காலம் நடைபெற்றபோதும், ஈரத்தின் அளவு தரத்தின் ஓர் அளவுகோலாகவே இருந்து வந்தது.

நீர் நீங்கும் நிலைகளுக்குத் தமிழில் சொற்பஞ்சம் இல்லை. துணி உலர்கிறது, நெல் காய்கிறது, குளம் வற்றுகிறது, பால் சுண்டுகிறது, மண்ணில் நீர் சுவறுகிறது, சோற்றுக் கஞ்சி வடிகிறது. வெயிலில் காய்ந்த சுண்டைக்காய் வற்றலாகிறது, மீன் கருவாடாகிறது, தேங்காய் கொப்பரையாகிறது, இஞ்சி சுக்காகிறது. ஒரு பொருள் நீரை இழந்ததும் அதற்குப் புதுப்பெயரே சூட்டிவிடுவது நம் மொழியின் வழக்கம். உலர்ந்த இஞ்சி என்று எவரும் கூறுவதில்லை. சுக்கு என்றே கூறுகின்றோம். இவ்வழக்கில் ஒரு நுட்பமான உண்மை பொதிந்துள்ளது என்பதைப் பின்னர்க் காண்போம்.

கொச்சிக் கோட்டையின் வேளிப் பகுதியில் வாழும் தமிழ்ச் சலவைத் தொழிலாளரை அங்குள்ள தமிழன்பர்கள் அறிவர். ஒல்லாந்தர் காலத்தில் தம் முன்னோர் இங்குக் குடியேற்றப்பட்டனர் என்பது அவர்களிடையே வழங்கும் செய்தி. முறுக்கிய இரட்டைக் கயிற்றின் புரிகளுக்கிடையே துணியின் நுனியைச் செருகி, கவ்விகள் ஏதுமின்றி அவர்கள் துணி உலர்த்துவர். உலர்ந்த துணி முன்பிருந்த துணியேதான். இழைகளுக்கிடையே தங்கிய நீர் ஆவியாய்ப் போயிற்று. இழையில் மாற்றம் ஒன்றும் இல்லை. மீண்டும் நனைத்தால் மீண்டும் ஈரமாகும். இதுவே உலர்த்தல். பொருளோடு கலந்து நிற்கும் நீர், நீராகவே இருந்து நீராகவே வெளியேறுவது இதன் இலக்கணம்.

அடுத்த நிலையில் உள்ளது படிகநீர். மயில்துத்தத்தை எடுத்துக்கொள்வோம். அதன் நீலப் படிகத்தில் ஒவ்வொரு மூலக்கூறோடும் ஐந்து நீர் மூலக்கூறுகள் பிணைந்துள்ளன. சூடேற்றினால் அவை நீங்கி, நீலம் மறைந்து வெண்பொடி எஞ்சும். அப்பொடியில் ஒரு துளி நீர் விட்டால் நீலம் திரும்பும். படிகாரத்திலும் வெண்காரத்திலும் இத்தகைய படிகநீர் மிகுதி. அவற்றை ஓட்டிலிட்டு வறுத்தால் நீர் பிரிந்து, நெல் பொரிவதுபோல் உப்பி வெண்மையாகும். நம் சித்த மருத்துவர் இதனைப் 'பொரித்தல்' என்றனர். படிகநீர் என்னும் கருத்து வேதியியலில் உருவாவதற்கு முன்பே அச்செயலுக்குப் பெயர் வைத்துவிட்டனர்.

மூன்றாம் நிலையே வேதியியலார் தம் கலைச்சொல்லால் சிறப்பாகக் குறிப்பது. இங்குப் பொருளுக்குள் நீர் நீராக இருப்பதே இல்லை. நீரை ஆக்கும் ஹைட்ரஜனும் ஆக்ஸிஜனும் மூலக்கூற்றின் உறுப்புகளாக வேறுவேறு இடங்களில் நிற்கின்றன. வினை நிகழும்போது அவை பிரிந்து வந்து, ஒன்றுகூடி நீராகின்றன. சர்க்கரையின்மேல் அடர்ந்த கந்தக அமிலத்தை ஊற்றினால் வெண்சர்க்கரை கருகிக் கரியாகப் பொங்குவதைப் பள்ளி ஆய்வுக்கூடத்தில் கண்டிருப்போம். சர்க்கரை மூலக்கூறு ஒன்றிலிருந்து பதினொரு நீர் மூலக்கூறுகள் பறிக்கப்படுகின்றன. உலர்ந்த சர்க்கரையிலிருந்து நீர் வருகிறது என்பது எண்ணத்தக்கது. எஞ்சிய கரியில் நீரை ஊற்றினால் சர்க்கரை திரும்பி வாராது.

இவ்வேறுபாட்டை உணர்வதற்கு உலகம் நெடுங்காலம் காத்திருந்தது. நீர் ஒரு தனிமம் என்று கருதப்பட்டவரை, நீர் இல்லாத பொருளிலிருந்து நீரைப் பெறலாம் என்று எண்ண இடமில்லை. 1783இல் லவாய்சியர், நீர் இருவகை வாயுக்களின் சேர்க்கை என்பதை நிறுவினார். அதன்பின் 1794–95 ஆண்டுகளில் ஆம்ஸ்டர்டாம் நகரத்து அறிஞர் நால்வர் கூடி, சாராயத்தைக் கந்தக அமிலத்தோடு சூடாக்கிப் பெற்ற எத்திலீன் என்னும் வாயுவை ஆராய்ந்தனர். சாராய மூலக்கூறு ஒரு நீரை இழப்பதால் உண்டாவதே அவ்வாயு. ஒல்லாந்தர் கொச்சியை ஆங்கிலேயரிடம் இழந்ததும் அதே 1795இல்தான்.

இனி மட்டாஞ்சேரிக்குத் திரும்புவோம். உலகச் சந்தைகளில் 'கொச்சின் இஞ்சி' என்று பெயர் பெற்ற சுக்கு இத்துறை வழியே சென்றது. பச்சை இஞ்சியில் நூற்றுக்கு எண்பது பங்கு அளவில் நீர் உண்டு. அதன் தோலைக் கூரிய மூங்கிற் சிம்பினால் சீவி, கழுவி, களத்தில் பரப்பி, புரட்டிப் புரட்டி வெயிலில் ஒரு வாரத்திற்கு மேலாகக் காய வைப்பர். ஈரம் நூற்றுக்குப் பத்து அளவிற்குத் தாழ்ந்ததும் சுக்கு அணியமாகும். சிலவகைச் சுக்கினைச் சுண்ணாம்புக் குழம்பில் தோய்த்து மீண்டும் உலர்த்தி வெண்மையாக்குவதும் உண்டு. காய்ந்தவற்றை முறத்திலிட்டுப் புடைத்தும் கையால் பொறுக்கியும் தரம் பிரிக்கும் வேலையைப் பெரும்பாலும் பெண்களே பண்டகசாலைகளில் செய்து வந்தனர்.

இக்களத்தில் வெயில் செய்வது வெறும் உலர்த்தல்தானா? இல்லை. இஞ்சியின் காரத்திற்குக் காரணமாகிய முதன்மைப் பொருள் ஜிஞ்சரால். அதன் மூலக்கூற்றில் 17 கார்பன் அணுக்களும் 26 ஹைட்ரஜன் அணுக்களும் 4 ஆக்ஸிஜன் அணுக்களும் உள்ளன. இஞ்சி வெப்பத்தில் காயும்போது ஜிஞ்சராலின் ஒரு பகுதி மாற்றமடைகிறது. மாறிய பொருளில் கார்பன் 17 அப்படியே இருக்க, ஹைட்ரஜன் 24ஆகவும் ஆக்ஸிஜன் 3ஆகவும் குறைந்திருக்கும். போனவை இரண்டு ஹைட்ரஜனும் ஓர் ஆக்ஸிஜனும். அஃதாவது ஒரு நீர் மூலக்கூறு. இப்புதிய பொருளுக்கு ஷோகால் என்று பெயர். ஜிஞ்சராலைவிட அதன் காரம் ஏறத்தாழ இரு மடங்கு மிகுதி. சுக்கு இஞ்சியைவிட உறைப்பதற்கு, நீர் குறைந்து சாறு செறிந்தது ஒரு காரணம். புதிதாய் ஒரு காரப்பொருள் பிறந்தது மற்றொரு காரணம்.

ஆகவே ஒரே களத்தில், ஒரே வெயிலில், ஒரே கிழங்கில் இருவகை நீரிழப்பும் நிகழ்கின்றன. முதலாவது உலர்த்தல், இரண்டாவது வேதியியலார் கூறும் நீர்நீக்கம். உலர்த்தலால் போன நீரைச் சுக்கை ஊறவைத்து ஓரளவு மீட்கலாம். ஆயினும் ஊறிய சுக்கு மீண்டும் பச்சை இஞ்சி ஆகாது. நம் முன்னோர் இஞ்சிக்கும் சுக்கிற்கும் தனித்தனிப் பெயரும் தனித்தனி மருத்துவக் குணமும் கூறியது பொருளற்ற வழக்கன்று. ஷோகால் என்னும் பெயரும் நமக்கு ஒன்றை உணர்த்துகிறது. 'ஷோகா' என்பது ஜப்பானிய மொழியில் இஞ்சியைக் குறிக்கும் சொல். ஜப்பானிய அறிஞர் தம் வீட்டுச் சொல்லிலிருந்து ஆக்கிய பெயரை இன்று உலக வேதியியல் வழங்குகிறது.

தமிழிலும் இத்தகைய முயற்சிகள் நடந்துள்ளன. யாழ்ப்பாணத்து மானிப்பாயில் மருத்துவம் கற்பித்த சாமுவேல் பிஷ் கிறீன், அறிவியல் நூல்களைத் தமிழாக்கும் பணியை முன்னின்று நடத்தினார். 'கெமிஸ்தம்' என்னும் வேதியியல் நூல் 1875இல் வெளிவந்தது. 1916இல் சேலத்தில் இராஜாஜியும் வெங்கடசுப்பையரும் தமிழ்ச் சாஸ்திர பரிபாஷைச் சங்கத்தை நிறுவினர். 1954 முதல் 1968 வரை பெரியசாமித் தூரனைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு வெளிவந்த கலைக்களஞ்சியம், அறிவியலைத் தமிழிற் சொல்ல இயலும் என்பதைப் பத்துத் தொகுதிகளில் மெய்ப்பித்தது. 'நீர்நீக்கம்', 'நீரகற்றல்' என்னும் சொற்கள் இன்று பாடநூல்களில் வழங்குகின்றன. இரண்டும் நல்ல தமிழ். இரண்டும் செயலைத் தெளிவாகக் கூறுவன.

ஆனால் நல்ல சொல்லையும் இடமறிந்தே வழங்க வேண்டும். வேனிற்காலத்தில் மலையாள நாளிதழ்கள் 'நிர்ஜலீகரணம்' குறித்து எச்சரிப்பதைக் கேரளத்தில் வாழும் தமிழர் கண்டிருப்பர். இந்தியிலும் அச்சொல்லே வழங்குகிறது. உடலில் நீர் வற்றும் நிலையை அது குறிக்கிறது. இதனைத் தமிழில் பெயர்க்கும்போது வேதியியல் அகராதியைப் பார்த்து 'நீர்நீக்கம்' என்று எழுதிவிட்டால் விளைவு என்னாகும்? வயிற்றுப்போக்கு கண்ட குழந்தைக்கு நீர் கொடுக்கலாகாது என்னும் தவறான நம்பிக்கை பல இல்லங்களில் இருந்து வந்துள்ளது. நீரை நீக்க வேண்டும் என்று அத்தாய் பொருள் கொண்டால் குழந்தையின் உயிருக்கே இடர். 'நீரிழப்பு' என்பது சரியான சொல்லே. எனினும் விரைந்து படிப்போர் அதனை 'நீரிழிவு' எனக் கொள்ளக் கூடும். நீரிழிவோ சர்க்கரை நோய். சிறு எழுத்து வேறுபாட்டில் நோயே மாறிவிடுகிறது. ஆதலின் பொதுமக்களுக்கு எழுதும் அறிக்கையில் 'உடலில் நீர்ச்சத்துக் குறைதல்' என்று விரித்தெழுதுவதே நன்று என்பது நம் கருத்து. இரண்டு சொல் மிகுவதால் கெடுவது ஒன்றுமில்லை.

இது எத்துணைப் பெரிய செய்தி என்பதற்கு 1971ஆம் ஆண்டே சான்று. வங்காளத்தின் போங்காவ் அகதி முகாமில் வாந்திபேதி பரவியபோது, மருத்துவர் திலீப் மகலநபிஸ் உப்பும் சர்க்கரையும் கலந்த நீரைப் பருகச் செய்து எண்ணற்றோரைக் காத்தார். அவர் முறையால் இறப்பு நூற்றுக்கு நான்கிற்கும் கீழே தாழ்ந்தது. காய்ச்சி ஆறிய நீர் ஒரு லிட்டர், சர்க்கரை ஆறு சிறு கரண்டி, உப்பு அரைச் சிறு கரண்டி, இரண்டும் தலைதட்டி அளந்தவை: இதுவே வீட்டில் செய்யத்தக்க கலவை. மருந்து இத்துணை எளிதாயிருக்க, அதைச் சொல்லும் சொல் அரிதாயிருக்கலாமா?

துணிக்கும் நெல்லுக்கும் உலர்த்தல், மூலக்கூற்றிற்கு நீர்நீக்கம், உடலுக்கு நீர்ச்சத்துக் குறைதல். ஆங்கிலம் ஒரு சொல்லில் அடக்கியதைத் தமிழ் மூன்றாக வகுத்துக் கூற வல்லது. அயல் மாநிலங்களில் வாழும் நம் பிள்ளைகள் பள்ளியில் ஆங்கிலத்திலும் தெருவில் அந்நாட்டு மொழியிலும் இச்சொற்களைக் கேட்பர். வீட்டில் சுக்குக் காப்பி கொதிக்கும் வேளையில், இஞ்சி எவ்வாறு சுக்காயிற்று என்று அவர்களிடம் ஒருமுறை தமிழில் விளக்கிப் பார்ப்போமாக. வேதியியலும் விளங்கும், மொழியும் நிலைக்கும்.