புல்லால் ஒரு பாலம்: கானாஸ் மாகாணமும் அதன் மக்களும்

தென்னமெரிக்கக் கண்டத்தின் மேற்குக் கரையோரமாக வடக்குத் தெற்காய் நீண்டு கிடப்பது அந்தீஸ் மலைத்தொடர். அம்மலைகளின் நடுவே, பெரு நாட்டின் குஸ்கோப் பிரதேசத்தின் தென்பால், கானாஸ் என்னும் மாகாணம் அமைந்துள்ளது. அதன் தலைநகராகிய யானவோக்கா கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 12,800 அடி உயரத்தில் இருக்கின்றது. இங்கே மரங்கள் அரிது. கண்ணுக்கெட்டிய தூரம் வரை இச்சு எனப்படும் முரட்டுப் புல்லே படர்ந்திருக்கும். அப்புல்வெளிகளை ஊடறுத்து, ஆழ்ந்த பள்ளத்தாக்கின் வழியே அப்பூரிமாக் ஆறு பாய்கின்றது. கெச்சுவா மொழியில் 'அப்பு' என்றால் தலைவன். 'ரிமாக்' என்றால் பேசுபவன். பாறைகளில் மோதி ஓயாது முழங்கும் ஆற்றுக்கு 'பேசும் தலைவன்' என்று பெயரிட்டனர் அம்மக்கள்.

இன்காப் பேரரசு பரவுமுன்னரே இங்கு வாழ்ந்த கானா என்னும் இனத்தவரின் பெயரே மாகாணத்துக்கு நிலைத்தது. இவர்களின் வழிவந்தோர் உருளைக்கிழங்கு பயிரிட்டும், லாமா, அல்பாக்கா, செம்மறி ஆகியவற்றை மேய்த்தும் வாழ்கின்றனர். ஆனி, ஆடி மாதங்களில் இரவுப் பனி உறைந்துவிடும். அப்போது கிழங்குகளை வெளியிலே பரப்பி, பனியில் உறையவிட்டு, பகலில் காலால் மிதித்து நீரகற்றி, வெயிலில் உலர்த்துவர். 'சூன்யோ' எனப்படும் இவ்வுலர்கிழங்கு ஆண்டுக்கணக்கில் கெடாது. பயிரைக் கெடுக்கும் பனியையே பயிரைக் காக்கும் கருவியாக்கிக் கொண்டமை இவர்களது அறிவுக்குச் சான்றாகும்.

இம்மக்களின் வாழ்வுக்கு அச்சாணியாக விளங்குவது 'அய்னி' என்னும் வழக்கம். ஒருவர் வயலில் இன்று மற்றவர் உழைப்பார். அவ்வுழைப்பு நாளை அவர் வயலில் திருப்பிச் செலுத்தப்படும். கூலி என்ற பேச்சுக்கு அங்கே இடமில்லை. ஊர் முழுவதும் கூடிச் செய்யும் பொதுப்பணிக்கு 'மிங்கா' என்று பெயர்.

அப்பொதுப்பணியின் சிறப்பைக் கெவே என்னும் ஊர்ப்பகுதியிற் காணலாம். அங்கே அப்பூரிமாக் ஆற்றின் குறுக்கே, ஏறத்தாழ 90 அடி நீளமும் 4 அடி அகலமும் உடைய 'கெஸ்வாசாக்கா' என்னும் தொங்குபாலம் உள்ளது. அது முற்றிலும் புல்லாலானது. ஆண்டுதோறும் ஜூன் மாதத்தில் நான்கு ஊர்ச் சமூகத்தார் கூடுவர். குடும்பத்தவர் தத்தம் பங்குக்கு மெல்லிய புற்கயிறு திரித்துக் கொண்டுவருவர். ஆடவர் அவற்றை முறுக்கித் தடித்த வடங்களாக்குவர். மலைக்கும் மண்ணுக்கும் படையலிட்டபின், பழைய பாலத்தை அறுத்து ஆற்றில் விடுவர். நான்கு வடங்கள் நடைபாதைக்கு, இரண்டு கைப்பிடிக்கு. மூன்று நாட்களில் வேலை முடியும். நான்காம் நாள் விழா. இன்காக்களின் பெருவழிகளை இணைத்த இத்தகைய பாலங்களுட் பெரும்பாலானவை மறைந்தன. இது மட்டும் ஆண்டுக்காண்டு புதிதாகி நிலைத்துள்ளது.

ஆயினும் இவர்களின் கூட்டுழைப்பை வேறொருவகையிற் கறந்தவர்களும் உண்டு. ஸ்பானியர் ஆட்சியில், ஊர்களிலுள்ள ஆடவருள் ஏழிலொரு பங்கினர், முறைவைத்துத் தொலைதூரப் பொத்தோசி வெள்ளிச் சுரங்கத்துக்கு அனுப்பப்பட்டனர். 'மித்தா' எனப்பட்ட இக்கட்டாய வேலைக்குப் போனோர் பலர் மீளவில்லை. போதாக்குறைக்கு, ஸ்பானிய அதிகாரிகள் வேண்டாத பொருள்களையும் மக்கள் தலையிற் கட்டி விலை பெற்றனர்.

கானாஸின் சுரிமானாவிற் பிறந்த ஹோசே கபிரியேல் கொண்டோர்காங்கி கோவேறு கழுதைகளில் வாணிகச் சரக்கேற்றியவர். மூன்று ஊர்களின் தலைவர். தம் மக்களுக்கு மித்தாவிலிருந்து விலக்களிக்குமாறு லீமா நகர்வரை சென்று முறையிட்டார். பயனில்லை. 1780 நவம்பர் 4ஆம் நாள் அதிகாரி அந்தோனியோ தெ அரியாகாவைச் சிறைப்பிடித்தார். 10ஆம் நாள் துங்காசுக்காவில் அவ்வதிகாரி தூக்கிலிடப்பட்டார். இரண்டாம் துப்பாக் அமாரு என்று பெயர் பூண்ட அவரின் கிளர்ச்சி அந்தீஸெங்கும் பரவியது. மனைவி மிக்காயேலா பஸ்தீதாஸ் படைக்கு உணவும் ஆளும் திரட்டினார். ஆயின் 1781 ஏப்ரலில் லங்கி என்னும் ஊரில் துப்பாக் அமாரு பிடிபட்டார். மே 18இல் குஸ்கோவின் சதுக்கத்தில் அவரும் மனைவியும் மூத்த மகனும் கொல்லப்பட்டனர்.

தீர்ப்பு அதனோடு அமையவில்லை. இன்கா உடை தடுக்கப்பட்டது, சங்கூதுதல் தடுக்கப்பட்டது, கெச்சுவா மொழியை விடுத்து ஸ்பானிய மொழி பேசுமாறு பணிக்கப்பட்டது. ஆனால் விதைப்பும் அறுவடையும் கயிறு திரித்தலும் எம்மொழியில் நடைபெற்றனவோ, அம்மொழியை ஓர் ஆணையால் அகற்ற முடியவில்லை. 1975ஆம் ஆண்டில், பெரு அரசு கெச்சுவாவை ஸ்பானிய மொழிக்கு நிகரான ஆட்சிமொழியாக ஏற்றது.

கெஸ்வாசாக்காவுக்கும் ஒரு சோதனை வந்தது. கொரோனாத் தொற்றினால் 2020இல் பாலம் புதுப்பிக்கப்படவில்லை. 2021 மார்ச்சில் அது அறுந்து ஆற்றில் வீழ்ந்தது. அருகில் இரும்புப் பாலம் இருப்பதால் போக்குவரத்துக்குத் தடையில்லை. அதனோடு விட்டிருக்கலாம். ஊர்மக்கள் விடவில்லை. அவ்வாண்டு ஜூன் மாதத்திலேயே புல்லறுத்து, கயிறு திரித்து, கரைகளை மீண்டும் இணைத்தனர். ஓராண்டு கைவிட்டால் வீழ்ந்துவிடும் என்பதை அறிந்தவர்களாதலால், ஒவ்வோராண்டும் அவர்கள் தம் பிள்ளைகளையும் உடனழைத்துச் சென்று, புல்லை முறுக்கும் முறையைக் கெச்சுவா மொழியிலேயே கற்பிக்கின்றனர்.